மௌனம் காக்கும் ஒரு கற்பனை நாட்டை எழுதுவது எப்படி? படிப்படியாக ஒரு வழிகாட்டி

கற்பனை நாடுகளை எழுத வருகிறவர்கள் ஒரு முறையாவது மௌன மடம் ஒன்றைக் கட்டிவிடுகிறார்கள். மலை உச்சி, வெள்ளை உடை, வாய் திறவாத முதியவர். கதையின் நடுவில் அவர் வாய் திறந்து ஒரு தத்துவம் சொல்வார், சீடன் கண்ணீர் விடுவான். நானும் கட்டியிருக்கிறேன். எழுதி முடித்த கையெழுத்துப் பிரதியை ஒரு நண்பர் படித்துவிட்டு ஒரே கேள்வி கேட்டார்: "இந்த மடத்தில் யாருக்கும் இருமலே வராதா?"

பிரதியைக் கிழித்துப் போட்டேன். பேசாமல் இருப்பதை நான் ஒரு மனநிலையாக மட்டுமே எழுதியிருந்தேன். உண்மையில் மௌனம் காக்கிற மக்களைப் பற்றிப் படிக்கப் படிக்கத் தெரிந்தது வேறு. அவர்களுக்கு அது ஒரு வேலை. அதற்கு ஆள் வேண்டும், கருவி வேண்டும், காவல் வேண்டும், செலவும் உண்டு. பிறகு எழுதிய நாட்டுக்கு ஓதர் நாடு என்று பெயர் வைத்தேன். ஓதர் என்று எந்த மக்களும் உலகில் இல்லை, முழுக்க என் கற்பனை. அவர்களை உருவாக்கிய வரிசையிலேயே இங்கே சொல்கிறேன்.

படி 1: எது அடங்க வேண்டும் என்று முடிவு செய்யுங்கள்

தமிழில் இதற்குப் பல சொற்கள் இருப்பது நம் அதிர்ஷ்டம். மௌனம் என்பது முனி என்ற சொல்லோடு தொடர்புடையது, அதாவது ஒருவர் ஏற்றுக்கொள்ளும் நோன்பு. நிசப்தம் என்பது இடத்தின் நிலை. வாய் அடங்கினால் மௌனம், ஊர் அடங்கினால் நிசப்தம். இரண்டும் ஒன்றாக வர வேண்டும் என்று கட்டாயம் இல்லை.

பாலித் தீவின் நியெப்பி நாளைப் பாருங்கள். சக ஆண்டு என்ற தங்கள் நாட்காட்டியின் பிறப்பை அங்குள்ள இந்துக்கள் இருபத்து நான்கு மணி நேரம் அடங்கிக் கிடந்து கொண்டாடுகிறார்கள். அன்றைய விலக்குகள் நான்கு: நெருப்பு மூட்டக் கூடாது, வேலை செய்யக் கூடாது, வெளியே போகக் கூடாது, கேளிக்கை கூடாது. பேச்சு அந்தப் பட்டியலில் இல்லவே இல்லை! அன்று பேசாமல் இருப்பவர்களும் உண்டு, ஆனால் தீவை அமைதியாக்குவது மேற்சொன்ன நான்கும்தான். விமான நிலையம் மூடிக் கிடக்கும். பெச்சலாங் எனப்படும் ஊர்க்காவலர்கள் மட்டும் தெருவில் நடப்பார்கள். 2018 முதல் கைபேசி இணையத்தையும் அந்த நாளில் நிறுத்தத் தொடங்கினார்கள்.

இதற்கு நேர் எதிர், வட இந்தியாவில் தை மாத வாக்கில் வரும் மௌனி அமாவாசை. பிரயாகையில் கூட்டமும் ஒலிபெருக்கியும் காதைத் துளைக்கும். நடுவே நீராடுகிறவர் மட்டும் வாயைத் திறக்க மாட்டார்.

மூன்றாவது ஒரு வகை உண்டு, எனக்கு மிகவும் பிடித்தது. பழைய ரோமில் பலி கொடுக்கும்போது அபசகுனமான ஓசை எதுவும் காதில் விழக் கூடாது. விழுந்தால் சடங்கை முதலிலிருந்து தொடங்க வேண்டியிருக்கும். எனவே பக்கத்தில் ஒருவரை நிறுத்திக் குழல் ஊதச் சொன்னார்கள், வேறு எதுவும் கேட்காமல் இருப்பதற்காக. ஓசையை வைத்தே ஒரு நிசப்தம். அங்கே அடக்கப்பட்டது பூசாரியின் செவி.

வாயா, ஊரா, செவியா? உங்கள் மக்கள் எதை அடக்குகிறார்கள் என்பதை ஒரு வரியில் எழுதிச் சுவரில் ஒட்டுங்கள். ஓதருக்கு நான் எழுதிய வரி இது: "மனிதக் குரல் கூடாது, தண்ணீருக்குள் இறங்கும் எந்த அதிர்வும் கூடாது." இந்த ஒரே வரியிலிருந்து நூறு விதிகள் தாமாகவே பிறந்தன. அம்மியில் அரைக்கலாம், உரலில் குத்தக் கூடாது, ஏனென்றால் உலக்கை விழும் அதிர்வு தரை வழியாக ஊரை ஒட்டிய களப்புக்கு, அதாவது கடலோரக் காயலுக்கு, போய்விடும். சிரிக்கலாமா? சத்தம் வராமல் சிரிக்கலாம். அழலாமா? இதற்கு விடை கண்டுபிடிக்க எனக்கு ஒரு மாதம் ஆயிற்று. பின்னால் சொல்கிறேன்.

படி 2: பிழைப்பிலிருந்து தொடங்குங்கள்

மௌனத்துக்கு முதலில் ஒரு வயிற்றுக் காரணம் இருக்கட்டும். தத்துவம் பிறகு வரும்.

ஓதரின் விதை மட்டக்களப்பில் கிடைத்தது. மீன்பாடும் தேன்நாடு என்று அந்த ஊருக்குப் பெயர். நிலவுக் காலத்து இரவுகளில் கல்லடிப் பாலத்தின் அருகே வாவியில் தோணியை நிறுத்தி, துடுப்பின் ஒரு முனையைத் தண்ணீரில் இறக்கி, மறு முனையில் காதை வைத்தால் அடியிலிருந்து ஓர் இசை கேட்கும் என்பார்கள். அதை எழுப்புவது மீனா, சிப்பியா என்ற வாதம் இன்னும் ஓயவில்லை. மலேசியாவின் கிழக்குக் கரையில் ஜுரு செலாம் எனப்படும் மீனவர்கள் தண்ணீருக்குள் தலையை அமிழ்த்தி, கூட்டமாக வரும் மீனின் ஓசையைக் கேட்டு வலை விரிக்கும் இடத்தைச் சொல்வார்கள்.

கேட்டு மீன் பிடிக்கிற ஊரில் பேசுகிறவன் ஊரார் சோற்றில் மண் போடுகிறவன். இதற்கு மேல் ஒரு காரணம் தேவையா? களப்பின் முகத்துவாரத்தை மணல் அடைத்துக்கொள்ளும் பருவம். உள்ளே மீன் குறைவு. தோணிகள் ஆளுக்கொரு துடுப்போடு இரவெல்லாம் காது வைத்துக் காத்திருக்கின்றன. கரையில் ஒரு பிள்ளை கத்தினால் அன்றைய உலை கொதிக்காது. இப்படிப் பல தலைமுறை கடந்தால் காரணம் மறைந்துபோகும், பழக்கம் மட்டும் நிற்கும், அதற்கு ஒரு தெய்வமும் வந்து சேரும்.

பனிமலை நாட்டை எழுதுகிறவர்களுக்கு ஒரு சொல். கத்தினால் பனிச்சரிவு வரும் என்பதைக் காரணமாக வைக்காதீர்கள். மனிதக் குரலுக்கு அந்த அளவு விசை இல்லை. உங்கள் மக்கள் அப்படி நம்புவதாக எழுதலாம், அது அவர்கள் பாடு. நம்பாத ஒருவனும் அந்த ஊரில் இருந்தால் கதைக்கு நல்லது.

படி 3: கோட்பாட்டை ஒரே வாக்கியத்தில் எழுதி, பிறகு கெடுங்கள்

ஓதரின் கோட்பாடு: "குரல் கடன்." பிறக்கும் ஒவ்வொருவரும் தண்ணீரிடமிருந்து ஒரு வாய் குரலை வாங்கிக்கொண்டு வருகிறார்கள். ஆண்டுக்கு ஒரு முறை வட்டி கட்ட வேண்டும். முதலைத் திருப்பித் தரும் நாள் இறக்கும் நாள். அவ்வளவுதான். கோட்பாடு இதைவிட நீண்டால் உங்கள் பாத்திரங்களுக்கே நினைவிருக்காது.

அடுத்த வேலை அதை மூன்று வாயால் சொல்லிப் பார்ப்பது. பாட்டி பேரனிடம் சொல்வது: "பேசினால் தண்ணீருக்குள் இருக்கிற கடன்காரி வந்து நாக்கைக் கேட்பாள்." மீனவன் சொல்வது: "அந்த நாட்களில் பேசினால் கண்டல் மரங்கள் பக்கம் மீன் ஒதுங்காது." கோயில்காரன் சொல்வதோ மூன்று பக்கம் நீளும், குரல் என்பது தண்ணீரின் நினைவு என்பான். மூவருக்கும் கோட்பாடு ஒன்றுதான், நம்பிக்கை மூன்று. நாட்டுக்கு உயிர் இந்த இடைவெளியில் இருக்கிறது.

கெடுங்கள் என்றேனே, அது இதுதான். நம்பிக்கைகள் தவறாகப் புரிந்துகொள்ளப்பட்டே வளர்கின்றன. எகிப்தியர் ஹோரஸ் கடவுளைக் குழந்தையாகக் காட்டும்போது விரலை வாயில் வைத்தபடி செதுக்கினார்கள். அவர்கள் எழுத்தில் குழந்தை என்பதற்கு அதுவே அடையாளம். கிரேக்கரும் ரோமரும் அதைப் பார்த்து, "உஷ்" என்கிறார் என்று எடுத்துக்கொண்டார்கள். ஹார்ப்போகிராட்டீஸ் என்ற மௌனக் கடவுள் அப்படிப் பிறந்தார். விரல் சூப்பும் பிள்ளை இரகசியங்களின் காவலன் ஆன கதை! உங்கள் நாட்டிலும் இப்படி ஒரு பிழை எங்காவது புதைந்திருக்கட்டும். ஓதரின் பழைய பாறைச் செதுக்கல் ஒன்றில் ஒரு பெண் உள்ளங்கையால் காதைப் பொத்தியிருக்கிறாள். தண்ணீரைக் கேட்கிறாள் என்று வணங்குகிறார்கள். அவளுக்குக் காதுவலி என்பது என் எண்ணம். கதையில் அதை எங்கும் சொல்லவில்லை.

தமிழில் எழுதுகிறவர்களுக்கு இங்கே ஒரு வழுக்குப் பாறை உண்டு. ஆலமரத்தடியில் பேசாமலே சனகாதியரின் ஐயம் தீர்க்கும் தட்சிணாமூர்த்தி நம் மனத்தில் ஆழமாக உட்கார்ந்திருக்கிறார். நம்மை அறியாமலே அவருக்கு வேறு பெயர் சூட்டி, ஆலமரத்தை வேறு மரமாக்கி எழுதிவிடுவோம். எழுதி முடித்தபின் உங்கள் ஞானி தெற்கு நோக்கி உட்கார்ந்திருக்கிறாரா என்று ஒரு முறை பார்த்துக்கொள்ளுங்கள்.

படி 4: சடங்கை மணிக்கணக்கில் எழுதுங்கள்

"அன்று ஊரே மௌனம் காத்தது" என்று ஒரு வரியில் தாண்டாதீர்கள். எப்படித் தொடங்கியது? பேசாமல் இரு என்று சொல்லவே ஒரு ஓசை வேண்டுமே. நியெப்பிக்கு முந்திய மாலையில் ஓகோ ஓகோ என்ற பூதப் பொம்மைகளைத் தூக்கிக்கொண்டு தீவே அதிர ஊர்வலம் போகிறார்கள். தென்னாப்பிரிக்காவின் கேப் டவுனில் 1918 மே 14 அன்று, முதல் உலகப் போரில் இறந்தவர்களுக்காக நகரம் பேச்சை நிறுத்தி நின்றது. அதற்கான அடையாளம் நண்பகல் பீரங்கி வெடி. அடங்குவதற்கு முன் ஒரு முழக்கம் இருந்தால் அடங்கியது தெரியும்.

ஓதரின் தொடக்க நாளை நான் இப்படி எழுதினேன். விடிவதற்கு முன் ஊரின் மூத்த பெண் வீடு வீடாக வருகிறாள், கையில் ஒரு பனையோலைப் பெட்டி. பிள்ளைகளின் கொலுசு, ஆட்டின் கழுத்து மணி, கதவின் நாதாங்கி எல்லாம் அதற்குள் போகின்றன. கதவு கிறீச்சிடும் இடத்தில் மீன் நெய் தடவுகிறாள். துடுப்பு தோணியில் உரசும் இடத்தில் தேங்காய் நாரைச் சுற்றுகிறார்கள். சேவல்கள் முந்தைய நாளே அக்கரை ஊருக்குப் போய்விட்டன, அவற்றைப் பார்த்துக்கொள்ள அந்த ஊருக்குக் கூலி உண்டு. (இந்தச் சேவல் கூலி பின்னால் ஒரு சண்டைக்கே காரணமாயிற்று. ஒரு சிறு விதியை நேர்மையாக எழுதினால் கதை தானாக வந்து உட்காரும்.) கடைசியாக, அந்த ஆண்டு உடைத்த பழைய தோணி ஒன்றின் பலகையை மூன்று முறை அறைகிறார்கள். மூன்றாவது அறை அடங்கும்போது பலகையைத் தண்ணீரில் விடுகிறார்கள். அது மிதந்து கண்ணுக்கு மறையும்வரை யாரும் நகர்வதில்லை.

முடிவும் அதே அளவு முக்கியம். யார் முடித்து வைக்கிறார்கள்? குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவினரின் மௌனக் கூட்டம் பக்கத்திலிருப்பவரின் கையைக் குலுக்குவதோடு முடிகிறது, தலைமைப் பூசாரி கிடையாது. எத்தனை எளிமை! ஓதருக்கு நாள் கணக்கு வைக்காமல் விட்டேன். மழை வெள்ளம் வந்து முகத்துவார மணலை உடைக்கும்போதுதான் மௌனம் கலையும். நல்ல ஆண்டில் ஒன்பது நாள். மழை பொய்த்த ஆண்டில் நாற்பதும் ஆகும். எப்போது முடியும் என்று தெரியாமல் பேசாமல் இருப்பது வேறு வகைச் சோதனை.

படி 5: விதிவிலக்குகள்

என் முதல் பிரதியை ஒரு இருமல் கவிழ்த்தது என்றேன். எனவே முதலில் விதிவிலக்குகளின் பட்டியலைப் போடுங்கள். பிரசவ வலி, கைக்குழந்தை, தூக்கத்தில் புலம்புகிறவர், தண்ணீரில் தத்தளிப்பவர், பைத்தியம் பிடித்தவர், வழி தவறி வந்த வெளியூர்க்காரர்.

நீண்ட காலம் நிலைத்த மௌனங்கள் எல்லாவற்றிலும் ஒரு கசிவுத் துளை இருக்கிறது. 1084இல் புரூனோ என்ற கிறிஸ்தவத் துறவி பிரான்சின் மலைப்பகுதியில் தொடங்கிய கார்த்தூசிய சபையின் துறவிகள் தனித்தனி அறைகளில் பேசாமல் வாழ்கிறவர்கள். ஆனால் வாரம் ஒரு முறை சேர்ந்து நீண்ட நடை போவார்கள், அப்போது பேசிக்கொள்ளலாம். ஆன்மிக குரு மெஹர் பாபா 1925 ஜூலை 10 முதல் 1969இல் இறக்கும்வரை பேசவில்லை, ஆனால் எழுத்துப் பலகையில் விரலால் சுட்டிச் சுட்டி நிறையவே சொன்னார். 1954இல் பலகையையும் விட்டு, சைகைக்கு மாறினார். வாயை மூடினால் மொழி வேறு வழியாக வந்துவிடுகிறது.

அந்த வேறு வழியை நன்றாக யோசியுங்கள். பிரான்சின் க்ளூனி மடத்துக் கிறிஸ்தவத் துறவிகள் பத்தாம் நூற்றாண்டிலேயே ரொட்டிக்கும் மீனுக்கும் கைச்சைகை வைத்திருந்தார்கள். ஆனால் மடத்துச் சைகைகள் பெரும்பாலும் சொற்பட்டியல்தாம், பேச்சுமொழியின் மேல் ஒட்டிக்கொண்டவை. காது கேளாதோர் சமூகங்களில் வளர்ந்த சைகைமொழிகள் அப்படியல்ல, அவற்றுக்கு முழு இலக்கணம் உண்டு. மத்திய ஆஸ்திரேலியாவின் வார்ல்பிரி மக்களிடையே கணவனை இழந்த பெண்கள் நெடுங்காலம், சில வேளை ஓராண்டுக்கும் மேல், பேசுவதில்லை. அந்தப் பெண்களிடம் எதையும் சொல்லக்கூடிய வளமான சைகைமொழி உருவாயிற்று. துக்கம் முடிந்தபின்னும் மூத்த பெண்கள் அதையே விரும்பிப் பயன்படுத்துவதுண்டு.

இதைப் படித்த அன்று ஓதர் கதையின் நாயகி கிடைத்தாள். பிறவியிலேயே காது கேளாத பதினாறு வயதுப் பெண். ஆண்டு முழுவதும் ஊர் அவளுக்கு மூடிக் கிடக்கிறது. பலகை மூன்று முறை அறையப்பட்ட மறு நொடியே ஊரே அவளுடைய மொழிக்குள் வந்துவிடுகிறது, அதுவும் திக்கித் திணறிக்கொண்டு. எல்லாரும் கொச்சையாகப் பேசுகிறார்கள், அவள் ஒருத்தியே இலக்கியமாகப் பேசுகிறாள். மற்றவர்களுக்கு நோன்பு, அவளுக்குத் திருவிழா. மழை வரக் கூடாது என்று வேண்டிக்கொள்ளும் ஒரே ஆள் அந்த ஊரில் அவள்தான்.

படி 6: யாருக்கு இலாபம் என்று பாருங்கள்

இதை விரைவாகச் சொல்லிவிடுகிறேன், ஆனால் விட்டுவிடாதீர்கள். ஒட்டோமான் அரண்மனையில் சுல்தானின் முன்னால் வாய் திறந்து பேசுவது மரியாதைக் குறைவு என்றாகி, காது கேளாத பணியாளர்களின் சைகைமொழி அரசவையிலேயே புழங்கியது. அங்கே மௌனம் அதிகாரத்தின் நிழல். வேத வேள்வியில் பிரம்மன் எனப்படும் புரோகிதர் பெரும்பாலும் பேசாமல் தெற்கே உட்கார்ந்து, மற்றவர்கள் செய்யும் பிழையைக் கவனித்துச் சரிசெய்வார். அது மேற்பார்வையின் மௌனம். விதவையின் மௌனமும் அரசன் முன் நிற்பவனின் மௌனமும் துறவியின் மௌனமும் ஒன்றாகா. உங்கள் ஊரில் பேசியவனுக்கு அபராதம் உண்டென்றால் அந்தப் பணம் யார் மடியில் விழுகிறது? ஓதர் ஊரில் அது கோயில்காரன் மடியில் விழுகிறது. குரலைப் பற்றி அவன் மூன்று பக்கம் பேசியது ஏன் என்று இப்போது புரிந்திருக்கும்.

படி 7: எதிர்க்குரல் ஒன்று வேண்டும்

மௌனத்தை எதிர்ப்பவர் என்றால் வாயாடி, நாத்திகன் என்று எழுதுவது எளிது. உள்ளிருந்து எழும் எதிர்ப்பே கூர்மையானது. பௌத்தத் துறவிகளின் விதிநூலான விநய பிடகத்தில் ஒரு நிகழ்ச்சி வருகிறது. கோசல நாட்டில் மழைக்காலம் தங்கிய பிக்குகள் சிலர், சண்டை சச்சரவு வராமலிருக்க ஒருவரோடு ஒருவர் பேசுவதில்லை என்று தங்களுக்குள் முடிவு செய்து, அப்படியே மூன்று மாதமும் இருந்துவிட்டு, பாராட்டை எதிர்பார்த்து புத்தரிடம் வந்தார்கள். அவர் கடிந்துகொண்டார். கால்நடைகளைப் போல வாழ்ந்திருக்கிறீர்கள் என்றார். ஊமை விரதத்தை விலக்கினார். அதற்குப் பதிலாக, மழைக்கால முடிவில் ஒவ்வொருவரும் மற்றவர்களிடம், "என்னிடம் கண்ட, கேட்ட, ஐயப்பட்ட குற்றத்தைச் சொல்லுங்கள்" என்று கேட்கும் பவாரணைச் சடங்கை வைத்தார்.

மௌனத்தைப் போற்றிய ஒருவரே மௌனத்தை மறுக்கும் இந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் படித்தேன். பேசாமல் இருந்தால் சண்டை வராதுதான், ஆனால் தீராது. ஓதர் ஊரில் இதைச் சொல்பவள் கொலுசு வாங்கிப்போகும் அதே மூத்த பெண். நாற்பது நாள் நீண்ட ஆண்டில், ஒரு வீட்டில் அடி விழுவது அவளுக்குத் தெரியும். அடிபடுகிறவள் கத்த முடியாது. கத்தினால் அபராதம். அடிப்பவனுக்கோ அவன் எழுப்பும் ஓசை தண்ணீருக்குப் போகாதவரை எந்த விதியும் இல்லை.

அழலாமா என்ற கேள்விக்கு விடை இங்கேதான் கிடைத்தது. அதுவரை சத்தமாக அழக் கூடாது என்றே விதி வைத்திருந்தேன். மூத்த பெண் அந்த வீட்டு வாசலில் போய் உட்கார்ந்து, அடிபட்டவளுக்காகத் தானே ஒப்பாரி வைக்கிறாள். அன்று முதல் அழுகை விதிவிலக்குப் பட்டியலில் சேர்ந்தது. ஒரு விதி எப்படிப் பிறந்தது என்று காட்டினால் வாசகர் மற்ற விதிகளையும் நம்புவார்.

படி 8: தாளில் மௌனத்தை எழுதுவது

மயான அமைதி, ஊசி விழுந்தால் கேட்கும் அமைதி ஆகியவற்றைத் தொடாதீர்கள். ஊர் அடங்கினால் ஓசை கூடும். இதுவரை கேட்காதவை கேட்கத் தொடங்கும்: எண்ணெய் வற்றிய திரியின் படபடப்பு, ஓலைக்கூரையில் பல்லி நகர்வது, தன் வயிற்றின் உறுமல். சலசல, கிறுகிறு, மொறுமொறு என்று நம்மிடம் இரட்டைக்கிளவிகள் குவிந்து கிடக்கின்றன. மௌன அத்தியாயத்தில் அவற்றைத் தாராளமாகவும் மற்ற அத்தியாயங்களில் கஞ்சத்தனமாகவும் செலவழியுங்கள்.

சைகை உரையாடலில் ஒரு தனிச் சிக்கல். தமிழில் நீயா நீங்களா என்று முடிவு செய்யாமல் ஒரு வாக்கியமும் எழுத முடியாது. கையில் "ங்கள்" எப்படி வரும்? ஓதர் சைகையை நெஞ்சுக்கு மேலே செய்தால் மரியாதை, இடுப்பருகே செய்தால் நெருக்கம் அல்லது அவமதிப்பு என்று வைத்துக்கொண்டேன். பிறகு "கையை இடுப்புக்கு இறக்கி, 'நீ யார் கேட்க?' என்றான்" என்று எழுத முடிந்தது. அந்தக் கை இறங்குவதே அறை விழுந்ததுபோல் இருக்கும்.

எழுதத் தொடங்குமுன் ஒரு நாள் நீங்களே பேசாமல் இருந்து பாருங்கள், வீட்டில், எல்லாரும் இருக்கும்போது. எனக்குப் பகல் பன்னிரண்டு மணிவரைதான் தாங்கியது. தத்துவம் ஒன்றும் தோன்றவில்லை. பால்காரருக்குச் சில்லறை பாக்கி என்பதை எப்படிச் சொல்வது என்பதிலேயே காலை போய்விட்டது. அந்தச் சில்லறை அப்படியே கதைக்குள் போயிற்று.

படி 9: முதல் சொல்

மணல் உடைந்துவிட்டது, வெள்ளம் கடலுக்குள் பாய்கிறது. இத்தனை நாள் கழித்து ஊர் உச்சரிக்கும் முதல் சொல் என்ன? இதில்தான் பலரும் சறுக்குகிறார்கள். என் முதல் முயற்சியில் ஊரே கூடி "தண்ணீர்!" என்று முழங்கியது. அதே நண்பர் படித்துச் சிரித்தார். அடுத்த முயற்சியில் தெய்வத்தின் பெயர். அதற்கு அவர் சிரிக்கக்கூட இல்லை.

மூன்றாவது முறை ஊர்க்கூட்டத்தை விட்டுவிட்டு ஒரு வீட்டுக்குப் போனேன். ஏழு வயதுப் பையன் ஒருவன் திண்ணையிலிருந்து குதித்து ஓடி, தன் நாயைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டான். அது தலையைத் தூக்கிப் பார்த்தது, வரவில்லை. இருபத்தாறு நாளில் அது வேறு யாரோ போடும் சோற்றுக்குப் பழகியிருந்தது.